அழவைக்காத நடிகை

சினிமாவின் நகைச்சுவை பற்றி நம் சிறுபத்திரிகைகளில் வந்த கட்டுரைகளை ஒன்றாக அடுக்கிப் பார்த்தால் ஒரு விசித்திரம் தெரியவரும். சிரிப்பைப் பற்றி எழுத உட்கார்ந்தவர்கள் எல்லோரும் துக்கத்தைப் பற்றித்தான் எழுதிவிட்டு எழுந்திருக்கிறார்கள். சாப்ளின் என்றால் அவருடைய அநாதைத்தனம். கீட்டன் என்றால் அந்த அசையாத முகத்துக்குப் பின்னால் இருந்ததாக நாம் நம்பும் வெறுமை. ஜூலியட்டா மஸீனா என்றால் 'லா ஸ்ட்ராடா'வில் (1954) கைவிடப்பட்டு நிற்கும் அந்தப் பெண். தமிழுக்கு வந்தால் நாகேஷ். அவரிலும் 'நீர்க்குமிழி' (1965), 'எதிர்நீச்சல்' (1968). அதாவது எங்கெல்லாம் அவர் நம்மைச் சிரிக்க வைப்பதை நிறுத்திவிட்டுக் கலங்க வைத்தாரோ, அங்கெல்லாம்தான் அவரைக் கலைஞர் என்று ஒப்புக்கொண்டோம். சிரிப்பு ஒரு கடன். கண்ணீரால் அதைத் தீர்த்தால்தான் நம்மிடம் கணக்கு நேராகும்.

இந்தக் கணக்கில் ஒருபோதும் வரவு வைக்கப்படாத ஒரு நடிகை டி. பி. முத்துலட்சுமி (1931–2008). தன் பெயரின் முதலெழுத்திலேயே ஊரைச் சுமந்தவர். 'டி' என்பது தூத்துக்குடி. 'பி' தகப்பனார் பொன்னையபாண்டியன். ஐம்பதுகளிலும் அறுபதுகளின் முற்பாதியிலும் தமிழ்ப்படம் பார்த்த யாருக்கும் முகம் தெரியும், குரல் தெரியும். ஆனால் அவரைப் பற்றி ஒரு பக்கம் எழுதியவர்கள் யார் என்று கேட்டால் பதில் வருவதற்கு நேரமாகும். இரங்கல் குறிப்புகள் உண்டு. படப்பட்டியல்கள் உண்டு. 'பழம்பெரும் நகைச்சுவை நடிகை' என்ற அடைமொழி உண்டு. அந்த அடைமொழி ஒரு மரியாதையான மூடி. அதைப் போட்டுவிட்டால் பாத்திரத்துக்குள் என்ன இருந்தது என்று யாரும் திறந்து பார்க்க வேண்டியதில்லை.

இதே தூத்துக்குடியில் அவருக்கு நான்கு ஆண்டுகள் முன்னால் பிறந்தவர் ஜே. பி. சந்திரபாபு (1927–1974). பனிமய மாதாவின் பெயரைத் தன் பெயருக்குள் வைத்திருந்த பரதவர் வீட்டுப் பிள்ளை, கொழும்பில் வளர்ந்தவர். சந்திரபாபுவைப் பற்றி நாம் நிறையப் பேசியிருக்கிறோம். அவர் பாடிய விதம், ஆடிய விதம் பற்றிப் பேசியதைவிட அவர் அழிந்த விதம் பற்றி அதிகமாகப் பேசியிருக்கிறோம். முறிந்த மணவாழ்க்கை, குடி, கடன், நின்றுபோன படம், இழந்த வீடு இத்யாதி. எழுத்தாளர்களுக்கு அவர் உவப்பானவர். காரணம் எளிது. அவருடைய வாழ்க்கை ஏற்கனவே நாவலாக இருக்கிறது. விமர்சகன் உழைக்க வேண்டியதில்லை. 'சபாஷ் மீனா'வில் (1958) இரட்டை வேடத்தில் அவர் செய்த காரியங்களை ஷாட் ஷாட்டாகப் பிரித்து எழுதுவது கஷ்டம். அவர் எப்படி வீழ்ந்தார் என்று உருகி எழுதுவது சுலபம்.

முத்துலட்சுமியிடம் இந்த வசதி கிடையாது. அவர் சினிமாவுக்கு வெளியே இருந்த ஓர் அரசு ஊழியரை மணந்தார், குடும்பம் நடத்தினார், எடுத்து வளர்த்த பிள்ளை டி. பி. கஜேந்திரன் 1988இல் 'வீடு மனைவி மக்கள்' படத்தின் மூலம் இயக்குநரானதைப் பார்த்தார், கலைமாமணி விருது பெற்றார், 2008இல் காலமானார். வீழ்ச்சி இல்லை. ஊரறிந்த பெருந்துயரம் இல்லை. ஆகவே நம்மிடம் அவரைப் பற்றிச் சொல்வதற்கு எதுவுமே இல்லை என்று ஆகிவிட்டது. ஒரே ஊரின் இரண்டு நகைச்சுவைக் கலைஞர்களில் ஒருவர் தொன்மமாகவும் மற்றவர் பட்டியலில் ஒரு வரியாகவும் ஆனதற்கு அவர்களுடைய கலையில் காரணம் தேடினால் கிடைக்காது. நம்முடைய ரசனையில் தேட வேண்டும்.

2

தமிழ் சினிமாவில் நகைச்சுவை நடிகையின் இடம் எப்படி உருவானது என்பதைக் கொஞ்சம் பார்க்க வேண்டும். என். எஸ். கிருஷ்ணன் காலத்திலிருந்தே நகைச்சுவை என்பது படத்துக்குள் இருந்த இன்னொரு படம். கதை ஒருபுறம் ஓடும். நகைச்சுவைப் பகுதி தனியாக எழுதப்பட்டு, தனியாகப் படமெடுக்கப்பட்டு, இடையிடையே செருகப்படும். கிருஷ்ணன் தன் பகுதியைத் தானே பார்த்துக்கொண்டார். அந்தப் பகுதியில் ஆணுக்கு ஒரு ஜோடி தேவைப்பட்டது. கிருஷ்ணனுக்கு டி. ஏ. மதுரம்; காளி என். ரத்தினத்துக்கு சி. டி. ராஜகாந்தம், பின்னால் தங்கவேலுவுக்கு எம். சரோஜா. மூன்று ஜோடிகளும் வாழ்க்கையிலும் ஜோடிகள். திரையில் அவள் மனைவி, வீட்டிலும் மனைவி. ரசிகன் திரையில் பார்ப்பது நடிப்பா, வீட்டு வழக்கமா என்று பிரித்துப் பார்க்க வேண்டிய அவசியமே ஏற்படாத ஓர் ஏற்பாடு இது. மதுரத்தின் பெயரை நாம் எப்போதும் ஹைபனுக்குப் பின்னால்தான் உச்சரித்திருக்கிறோம். கிருஷ்ணன் சிறையிலிருந்த காலத்தில் நாடகக் குழுவையும் வழக்குச் செலவையும் தூக்கி நிறுத்தியவர் அவர் என்றாலும், ஹைபனுக்கு முன்னால் அவர் வந்ததில்லை.

முத்துலட்சுமி இந்த ஏற்பாட்டுக்குள் வராதவர். யாருக்கும் நிரந்தர ஜோடி அல்ல. ஏ. கருணாநிதியோடு ஒரு படம், தங்கவேலுவோடு ஒரு படம், எம். ஆர். ராதாவோடு ஒரு படம் என்று போனவர். இதனால் அவருக்கு இரண்டு விளைவுகள். ஒன்று, ஹைபன் போட்ட புகழ் அவருக்குக் கிடைக்கவில்லை. மற்றது, ஒவ்வொரு ஆணின் வேகத்துக்கும் தன்னை மாற்றிக்கொள்ள வேண்டிய நிர்ப்பந்தம். எம். ஆர். ராதாவின் எதிரில் நிற்பதும் தங்கவேலுவின் எதிரில் நிற்பதும் ஒரே தொழில் அல்ல. ராதா எதிரில் இருப்பவரின் காற்றையெல்லாம் தானே உறிஞ்சிக்கொள்ளும் நடிகர்; குரலை ஏற்றி இறக்கி, வாக்கியத்தை நடுவில் உடைத்து, அடுத்தவருக்கு வாய் திறக்க இடமே தராதவர். தங்கவேலு நேர் எதிர். பேச்சை நிதானமாக, கொஞ்சம் இழுத்து, எதிராளி வருவதற்காகக் காத்திருப்பவர். 1963ஆம் ஆண்டில் மட்டும் முத்துலட்சுமி 'இருவர் உள்ள'த்தில் ராதாவோடும் 'அறிவாளி'யில் தங்கவேலுவோடும் நடித்திருக்கிறார். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்கிறவனுக்கு ஒன்று விளங்கும். மாறுவது அவருடைய வேகம். மாறாதது அவருடைய பார்வை. அவர் ஒருபோதும் ரசிகனைப் பார்த்து நடிப்பதில்லை. அவருக்கு எதிரில் இருப்பவன்தான் உலகம். சிரிப்பு வருமா என்று ஓரக்கண்ணால் காமிராவைப் பார்க்கும் பழக்கம் நம் நகைச்சுவை நடிகர்களில் பாதிப்பேருக்கு உண்டு. இவரிடம் அது இல்லை.

அவர் தொடங்கிய இடம் கூட்டம். ஜெமினியின் 'சந்திரலேகா'வில் (1948) அந்தப் பிரசித்தமான முரசு நடனத்தில் ஆடிய பெண்களில் ஒருவர். முகம் தெரியாத பெண்ணாக, வரிசையில் ஒரு அசைவாக ஆரம்பித்தவர். பிறகு மாடர்ன் தியேட்டர்ஸின் 'பொன்முடி' (1950). பாரதிதாசனின் 'எதிர்பாராத முத்த'த்தை வைத்து எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய படம். அங்கிருந்து நகைச்சுவை நடிகை. 'மனோகரா' (1954), 'வீரபாண்டிய கட்டபொம்மன்' (1959) என்று பெரிய வசனப் படங்களிலெல்லாம் அவர் இருக்கிறார். இவை சிம்மக்குரல்களின் படங்கள். வசனம் மேடையேறி முழங்கும் படங்களில், முழக்கம் ஓய்ந்த இடைவெளியில், சாதாரணமாகப் பேசுவதற்கென்று அவர் அழைக்கப்பட்டார் என்று தோன்றுகிறது. பாஞ்சாலங்குறிச்சி எங்கள் பக்கத்து ஊர். அந்த ஊரின் பெயரால் எடுத்த படத்தில் கட்டபொம்மன் பேசிய தமிழை இங்கே யாரும் பேசியதில்லை. முத்துலட்சுமி பேசிய தமிழ்தான் வீட்டுத் தமிழுக்குக் கிட்டத்தில் இருந்தது. அன்றைய படங்களில் மனிதர்கள் பேசிக்கொள்ளும் தமிழ் நகைச்சுவைப் பகுதியில்தான் உயிரோடு இருந்தது என்பதை நம் மொழியைப் பற்றிக் கவலைப்பட்டவர்கள் கவனித்திருக்கலாம்.

3

எல்லோரும் அறிந்த காட்சிக்கே வருகிறேன். 'அறிவாளி'யில் பூரி சுடும் காட்சி. கணவனுக்குப் பூரி வேண்டும். மனைவிக்குப் பூரி சுடத் தெரியாது. தெரியாது என்று சொல்லவும் மாட்டாள். அவன் ஒவ்வொரு படியாகச் சொல்கிறான். ஒவ்வொரு படியிலும் அது தனக்குத் தெரியும் என்கிறாள். சொல்லிவிட்டு அடுத்த படிக்காகக் காத்திருக்கிறாள். இவ்வளவுதான் காட்சி. அறுபது ஆண்டுகளுக்கு மேலாகியும் நகைச்சுவைக்கென்றே வந்துவிட்ட தொலைக்காட்சி அலைவரிசைகளில் இது திரும்பத் திரும்ப வருகிறது. முழுப்படத்தைப் பார்த்தவர்கள் குறைவு. காட்சியைப் பார்க்காதவர்கள் அதைவிடக் குறைவு.

'அறிவாளி' ஏ. டி. கிருஷ்ணசாமி இயக்கிய படம். 'சபாபதி'யை (1941) மெய்யப்பச் செட்டியாரோடு சேர்ந்து எடுத்தவர். கதை ஷேக்ஸ்பியரின் 'தி டேமிங் ஆஃப் தி ஷ்ரூ'. சிவாஜி கணேசன் பெத்ருக்கியோ, பானுமதி கேத்தரினா. ஒரு திமிர் பிடித்த பெண்ணை ஒரு புத்திசாலி ஆண் அடக்கும் கதை. இதில் உள்ள வேடிக்கை இன்னொன்று: அடக்கப்படும் வேடத்தில் நடித்த பானுமதி, 1953இல் 'சண்டிராணி'யை மூன்று மொழிகளில் தானே இயக்கியவர், சொந்தமாக ஸ்டூடியோ வைத்திருந்தவர். திரைக்கு வெளியே யாராலும் அடக்கப்படாத ஒரு பெண்ணைத் திரைக்குள் அடக்கிக் காட்டுவதில் அன்றைய ரசிகனுக்கு ஒரு திருப்தி இருந்திருக்க வேண்டும்.

ஆங்கில இலக்கியம் படித்தவர்கள் எல்லோருக்கும் அந்த நாடகத்தில் அடக்குமுறை எப்படி நடக்கிறது என்பது ஞாபகம் இருக்கும். நான்காம் அங்கத்தில் பெத்ருக்கியோ அவளுக்குச் சாப்பாடு தராமல் வைத்திருப்பான். இறைச்சி கருகிவிட்டது என்று திருப்பி அனுப்புவான். உணவு அங்கே கணவனின் ஆயுதம். அதற்குப் பிறகு வழியில், பகல் சூரியனைக் காட்டி நிலா என்பான். அவள் முதலில் மறுப்பாள். பிறகு சோர்ந்துபோய், நீ எதைச் சொல்கிறாயோ அதுவே என்று ஒப்புக்கொள்வாள். அந்த 'ஆம்'தான் நாடகத்தின் திருப்புமுனை. அவள் அடங்கிவிட்டாள் என்பதன் முத்திரை.

இப்போது பூரிக்கு வருவோம். இங்கேயும் கணவன் சொல்லச் சொல்ல மனைவி 'ஆம்' என்கிறாள். ஒவ்வொன்றுக்கும் ஆம். ஒரு இடத்தில்கூட மறுக்கவில்லை, எதிர்த்துப் பேசவில்லை, குரலை உயர்த்தவில்லை. கேத்தரினாவின் ஆமோதிப்பு எந்த வடிவில் இருந்ததோ அதே வடிவில்தான் இதுவும் இருக்கிறது. ஆனால் விளைவு தலைகீழ். அங்கே ஆமோதிப்பு மனைவியை முடிக்கிறது. இங்கே ஆமோதிப்பு கணவனை முடிக்கிறது. அங்கே கணவன் மனைவியைப் பட்டினி போடுகிறான். இங்கே மனைவியின் ஆமோதிப்பினால் கணவனுக்குப் பூரி கிடைக்கவில்லை. மேல்தளத்தில் சிவாஜி பானுமதியை அடக்கிக்கொண்டிருக்கும் அதே படத்தில், கீழ்த்தளத்தில், அடுப்படி சமாசாரத்தில், அடக்குவது சாத்தியமில்லை என்று நிரூபணமாகிக்கொண்டிருக்கிறது. இதைத் திட்டமிட்டுச் செய்தார்கள் என்று நான் சொல்ல மாட்டேன். நகைச்சுவைப் பகுதி தனியாக எழுதப்பட்டதால், மையக் கதையின் ஒழுக்கவிதிகளுக்கு அது கட்டுப்பட வேண்டியிருக்கவில்லை. ஒட்டுப்போட்ட துணியில்தான் சில சமயம் அசல் நூல் இருக்கும்.

எழுதப்பட்டதில் பாதிதான் இது. மீதி அவர் செய்தது. இந்தக் காட்சியை எத்தனை விதமாகக் கெடுத்திருக்கலாம் என்று யோசித்துப் பாருங்கள். அவள் திருட்டு முழி முழித்திருக்கலாம். அப்போது காட்சி ஒரு பொய்யைப் பற்றியது ஆகிவிடும். வெட்கப்பட்டிருக்கலாம், பரிதாபமாகியிருக்கும். குறும்பாகச் சிரித்திருக்கலாம், கணவனைக் கேலி செய்யும் காட்சியாகியிருக்கும். முத்துலட்சுமி மூன்றையும் செய்யவில்லை. அவள் நிஜமாகவே தனக்குத் தெரியும் என்று நம்புகிறாள். ஒரு விஷயம் சொல்லப்பட்ட மாத்திரத்தில் அது அவளுக்கு ஏற்கனவே தெரிந்ததாகிவிடுகிறது. சொல்லப்படுவதற்கும் தெரிந்திருப்பதற்கும் நடுவில் உள்ள இடைவெளியை அவள் குரல் துடைத்துவிடுகிறது. அதே வாக்கியம், அதே சுருதி, ஏறக்குறைய அதே கால அளவு. மாறுவதெல்லாம் தங்கவேலு. அவர் பொறுமையிலிருந்து சந்தேகத்துக்கும், சந்தேகத்திலிருந்து எரிச்சலுக்கும், எரிச்சலிலிருந்து ஒரு வகையான சரணாகதிக்கும் படிப்படியாக இறங்குகிறார். அவர் இறங்குவது நமக்குத் தெரிவதற்குக் காரணம் இவர் அசையாமல் நிற்பதுதான். அளவுகோல் நகர்ந்தால் எதையும் அளக்க முடியாது.

'கல்யாணப் பரிசை' (1959) இதோடு வைத்துப் பார்க்கலாம். அங்கே பொய் சொல்வது தங்கவேலு, நம்புவது சரோஜா. வேலை இல்லாதவன் வேலைக்குப் போவதாக நடிப்பது. பொய் எப்போது வெளிப்படும் என்ற பதற்றத்தில் நகைச்சுவை பிறக்கிறது. அது கதைச் சிரிப்பு. பூரிக் காட்சியில் வெளிப்படுவதற்கு எதுவும் இல்லை. அவளுக்குத் தெரியாது என்பது முதல் நிமிஷத்திலேயே நமக்கும் அவனுக்கும் தெரிந்துவிட்டது. அதற்குப் பிறகும் சிரிப்பு கூடிக்கொண்டே போகிறது என்றால் அது நடிப்பினால் மட்டுமே வருவது.

4

வங்கியில் பணம் எடுக்கும் சீட்டு நிரப்பத் தெரியாமல் வருகிறவர்கள் தினமும் உண்டு. முதியோர் பென்ஷனுக்கோ, அடகு வைத்த நகையைத் திருப்புவதற்கோ வரும் வயதான பெண்கள். இந்த இடத்தில் தேதி போடுங்கள் அம்மா என்றால், 'அது தெரியும்யா' என்பார்கள். இந்த இடத்தில் எழுத்தால் எழுத வேண்டும் என்றால், 'எழுதணும்லா, தெரியும்' என்பார்கள். சொல்லிவிட்டுப் பேனாவைப் பிடித்தபடி அடுத்து என்ன என்று முகத்தைப் பார்ப்பார்கள். கவுண்டருக்கு இந்தப் பக்கம் இருக்கிறவனுக்கு முதலில் சிரிப்பு வரும். வரிசை நீளமாக இருந்தால் எரிச்சல் வரும். கொஞ்ச காலம் வேலை பார்த்தபின் வேறொன்று தெரியும். தெரியாது என்று சொல்லிவிட்டால் அந்த அம்மாள் கவுண்டருக்கு முன்னால் ஒரு படி கீழே இறங்க வேண்டும். தெரியும் என்று சொல்லிக்கொண்டே கற்றுக்கொண்டால் இறங்க வேண்டியதில்லை. காரியமும் ஆகிவிடும். அடுத்த மாதம் அவர் நிஜமாகவே தெரிந்தவராக வருகிறார் என்பதும் உண்டு.

முத்துலட்சுமியின் அந்த ஒற்றை வாக்கியம் இந்த மக்களுடையது. சொல்லிக் கொடுப்பவனுக்கும் சொல்லிக் கொடுக்கப்படுபவளுக்கும் இடையில் உள்ள அதிகாரத்தை, சண்டை போடாமல், ஒப்புக்கொள்ளாமல், சமாளிக்கும் ஒரு பழைய வழி. அறிவு என்பது ஓர் ஆணிடமிருந்து ஒரு பெண்ணுக்கு, ஒரு படித்தவனிடமிருந்து ஒரு படிக்காதவளுக்கு, தானமாக இறங்கி வரும் பொருள் என்ற நினைப்பு அந்த எண்ணெய்ச் சட்டியில் பொசுங்குகிறது. படத்தின் பெயர் 'அறிவாளி' என்பது மையக் கதைக்காக வைத்தது. அதைவிட இந்தக் காட்சிக்குத்தான் பொருந்துகிறது.

இதற்கு ஒரு மறுப்பு உண்டு. அதை லேசில் தள்ள முடியாது. தமிழ் சினிமாவின் நகைச்சுவைப் பகுதி பெண்ணை அசடாக்கிக் காட்டியே பிழைத்தது. முத்துலட்சுமியும் அந்தத் தொழிற்சாலையில் செய்யப்பட்ட சரக்குத்தானே? அவரைப் பார்த்துச் சிரித்த கொட்டகை, மனைவி என்றால் அசடு என்ற தன் நம்பிக்கையை உறுதிப்படுத்திக்கொண்டுதானே வெளியே வந்தது? ஆம். அவர் நடித்தவற்றில் பெரும்பாலானவை அப்படித்தான். கத்தும் மனைவி, அடிக்கும் மனைவி, புருஷனைச் சந்தேகப்படும் மனைவி, அழகில்லை என்று கேலி செய்யப்படுபவள். எழுதிக் கொடுத்ததைப் பேசிவிட்டு வந்த இடங்களும் நிறைய. அவருடைய படங்களை வரிசையாகப் பார்க்கிறவன் சலிப்படைவான். அது அவனுடைய தப்பு அல்ல. ஒரே வார்ப்பை வைத்துக்கொண்டு முகங்களை மட்டும் மாற்றிய ஒரு தொழில் அது.

ஆனால் கலைஞனை அவனுடைய சராசரியை வைத்து அளப்பதில்லை என்பது நாம் நம் கவிஞர்களுக்குக் கொடுக்கும் சலுகை. நல்ல கவிதை ஆறு எழுதியவனுக்காக மோசமான அறுநூறை மன்னிக்கிறோம். இந்தச் சலுகையை ஒரு நகைச்சுவை நடிகைக்கு ஏன் கொடுக்கக்கூடாது? அசட்டுப் பெண் என்ற வார்ப்பை அவர் கண்டுபிடிக்கவில்லை. அவர் கையில் கொடுக்கப்பட்டது அது. அதற்குள் அவர் வைத்தது என்ன என்பதுதான் விமர்சனத்தின் கேள்வி. அவர் வைத்தது ஒரு தன்னிறைவு. அவருடைய பெண்கள் தங்களை அசடு என்று ஒருபோதும் நினைத்துக்கொள்வதில்லை. உலகம் நினைப்பது அவர்களுக்குத் தெரிவதுகூட இல்லை. அவமானப்படுத்த முடியாத ஒருத்தியை அவமானப்படுத்த ஒரு முழுப் படமும் முயன்று தோற்பதுதான் அங்கே நடக்கிறது.

5

இதே காலத்தில் இங்கிலாந்தில் ஒருத்தி இருந்தாள்: ஜோன் ஸிம்ஸ் (1930–2001). முத்துலட்சுமியைவிட ஒரு வயது மூத்தவள். லண்டனின் ராயல் அகாதமி ஆஃப் டிரமாட்டிக் ஆர்ட்டில் திரும்பத் திரும்ப விண்ணப்பித்து, நான்காம் முறை இடம் பிடித்துப் படித்தவள். ஜெரால்டு தாமஸ் இயக்கி பீட்டர் ரோஜர்ஸ் தயாரித்த 'கேரி ஆன்' வரிசைப் படங்களில் 1959இன் 'கேரி ஆன் நர்ஸ்' தொடங்கி 24 படங்களில் நடித்தாள். கீழ்த்தர ரசனை என்று அங்குள்ள விமர்சகர்கள் மூக்கைப் பிடித்துக்கொண்ட படங்கள் அவை. இளம் வயதில் குறுகுறுப்பான பெண்; கொஞ்சம் வயது ஏறியதும் சிடுசிடுக்கும் மனைவி. வார்ப்பு அங்கேயும் வார்ப்புத்தான். அந்தப் படங்களில் பெரிய ஆண் நடிகர்களுக்கு 5,000 பவுண்டு என்றால் பெண்களுக்கு 2,500 என்பதும் பின்னால் வெளியில் வந்த கணக்கு.

'கேரி ஆன் அப் தி கைபர்' (1968) என்ற படம் நம் நாட்டைப் பற்றியது. வேல்ஸ் மலையில் எடுத்தது. ஆங்கில ஆட்சியின் எல்லைப்புறக் கவர்னர் மாளிகையில் இரவு விருந்து நடக்கிறது. வெளியே முற்றுகை. குண்டு விழுகிறது, கூரை பெயர்ந்து காரை கொட்டுகிறது, சுவர் உடைகிறது. விருந்தில் இருப்பவர்கள் அதைக் கவனிக்காத மாதிரி சாப்பிட்டுக்கொண்டிருக்கிறார்கள். கவர்னரின் மனைவியாக ஜோன் ஸிம்ஸ், தலைமயிரெல்லாம் காரைத் தூள் படிய, விருந்தாளிகளை உபசரித்துக்கொண்டிருக்கிறாள். ஒரு சாம்ராஜ்யத்தின் மீதான கேலியாக இதைவிட நல்ல பத்து நிமிஷம் அந்த நாட்டு சினிமாவில் அதிகமில்லை. அதைத் தாங்குவது அந்த அசையாத முகம். தூத்துக்குடிப் பெண்ணின் அடுப்படியும் லண்டன் பெண்ணின் விருந்து மேஜையும் ஒரே விதியில் இயங்குகின்றன: சுற்றிலும் எல்லாம் சரிந்துகொண்டிருக்க, நடுவில் ஒருத்தி எதுவும் நடக்காத மாதிரி இருக்கிறாள். வேறுபாடும் அங்கேயே இருக்கிறது. ஸிம்ஸின் அசையாமை ஆளும் வர்க்கத்துடையது. பார்க்க மறுப்பது அது. முத்துலட்சுமியின் அசையாமை ஆளப்படுபவளுடையது, இறங்க மறுப்பது.

வாழ்க்கைப் பாதைகள் பிரிவதையும் பார்க்க வேண்டும். 'கேரி ஆன்' படங்கள் ஓய்ந்த பிறகு ஸிம்ஸுக்குத் தொலைக்காட்சி இருந்தது. வயதான நடிகைகளுக்கென்று அங்கே வேடங்கள் எழுதப்பட்டன. 'ஆஸ் டைம் கோஸ் பை' தொடரில் ஜூடி டெஞ்சோடு நடித்தாள். 2000இல் வந்த 'தி லாஸ்ட் ஆஃப் தி பிளாண்ட் பாம்ஷெல்ஸ்' தொலைக்காட்சிப் படம் வரை வேலை இருந்தது. அதே ஆண்டு தன் வரலாற்றையும் எழுதி வெளியிட்டாள். அதில் தனிமையும் குடியும் மனச்சோர்வும் இருந்தன. உடனே அங்குள்ளவர்களும், நம்மைப் போலவே, அவளுடைய துக்கத்தைப் பற்றி எழுத ஆரம்பித்தார்கள். கண்ணீர்க் கணக்கு கேட்பது நாம் மட்டும் அல்ல போலும்.

முத்துலட்சுமிக்கு அந்த இரண்டாம் வாழ்வு அமையவில்லை. அறுபதுகளில் நாகேஷும் மனோரமாவும் வந்தார்கள். நகைச்சுவையின் வேகமே மாறியது. மனோரமா (1937–2015) பெரிய நடிகை. அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஆனால் அவருடைய பெருமையை நாம் எந்த இடங்களில் கண்டோம் என்று பார்த்தால் பழைய கதைதான். 'தில்லானா மோகனாம்பாளி'ல் (1968) ஜில் ஜில் ரமாமணியின் கலகலப்புக்கு அடியில் இருந்த ஏக்கம், 1989இன் 'புதிய பாதை'க்குத் தேசிய விருது, அம்மா வேடங்கள். நகைச்சுவை நடிகை குணச்சித்திர நடிகையாகப் 'பதவி உயர்வு' பெறுவது என்று இதைச் சொல்கிறார்கள். சிரிப்பு குமாஸ்தா, அழுகை மேனேஜர். முத்துலட்சுமி பதவி உயர்வு கேட்டு விண்ணப்பிக்கவில்லை.

தொலைக்காட்சி அவருக்குக் கொடுத்தது வேறொன்று. துண்டு. தனியாகச் செருகப்பட்ட பகுதி என்பதாலேயே நகைச்சுவையைத் தனியாக வெட்டி எடுக்க முடிந்தது. ஆதித்யா போன்ற அலைவரிசைகள் வந்ததும் படங்கள் போய் துண்டுகள் நின்றன. காவியச் சோகங்களும் அடுக்கு வசனங்களும் இன்றைய பார்வையாளனுக்குக் கொஞ்சம் கூச்சம் தருகின்றன. பூரிக் காட்சி கூச்சம் தரவில்லை. நம் விமர்சனத்தின் சிபாரிசு எதுவும் இல்லாமல், இயக்குநர் பெயர் தெரியாமல், படத்தின் பெயர்கூடத் தெரியாமல், அது புழங்கிக்கொண்டிருக்கிறது. யார் எழுதியது என்று தெரியாத ஒரு பழமொழி புழங்குவது போல.

6

நமக்கு இதில் என்ன? ஒரு சிறுபத்திரிகையின் சில நூறு வாசகர்களுக்கு, டி. பி. முத்துலட்சுமியை மதிப்பிட்டு ஆகப்போவது என்ன?

அவருக்கு எதுவும் ஆகப்போவதில்லை. நமக்குத்தான் ஆக வேண்டும். தமிழில் நவீன விமர்சனம் துக்கத்துக்கான சொற்களை நிறையச் சேர்த்து வைத்திருக்கிறது. தனிமை, அந்நியமாதல், இருப்பின் அவஸ்தை, சிதைவு. சிரிப்பைப் பற்றிப் பேச நேர்ந்தால் நம்மிடம் இருப்பது 'அங்கதம்', 'எள்ளல்', 'பகடி' என்று மூன்று சொற்கள். மூன்றும் சிரிப்பவனின் புத்திசாலித்தனத்தைச் சொல்லும் சொற்கள். அதாவது யாரோ ஒருவன் மேலே நின்று இன்னொருவனைப் பார்த்துச் சிரிக்கிறான். முத்துலட்சுமியின் சிரிப்பில் மேலே நிற்பவன் கிடையாது. நிற்க முயல்பவன் சறுக்குகிறான். அதற்கு நம்மிடம் ஒரு சொல் இல்லை. சொல் இல்லாததால் அந்த அனுபவமே இல்லை என்று இருந்துவிட்டோம்.

இன்னொன்றும் உண்டு. விமர்சகன் என்பவன் அந்தக் காட்சியில் யார்? சந்தேகமில்லாமல் தங்கவேலு. படிப்படியாக விளக்குபவன். மாவை இப்படி எடு, இப்படிப் பிசை என்று மக்களுக்கு ரசனையைச் சொல்லிக் கொடுப்பவன். மக்கள் ஒவ்வொன்றுக்கும் தலையாட்டுகிறார்கள், தெரியும் என்கிறார்கள், நம்முடைய பூரி மட்டும் வருவதே இல்லை. நாம் எரிச்சலடைந்து, இந்த வெகுஜனத்துக்கு எதுவும் ஏறாது என்று முடிவு கட்டிப் பத்திரிகையை மூடுகிறோம். நம் சிறுபத்திரிகைகள் பலவற்றின் கடைசி இதழ்த் தலையங்கம் இந்தத் தொனியில்தான் முடிந்திருக்கிறது.

அந்தத் தலையாட்டலுக்குள் என்ன இருந்தது என்று பார்த்தவர்கள் இல்லை. அதில் அறியாமை இருந்தது. அதோடு கூட, அறியாமையைக் காரணம் காட்டித் தன்னைக் கீழிறக்க வருபவனிடம் இறங்க மறுக்கும் ஒரு நிதானமும் இருந்தது. அந்த நிதானத்தை ஒரு நடிகை, சில நிமிஷங்களில், ஒரு வாக்கியத்தை மட்டும் வைத்துக்கொண்டு, குரலைக்கூட உயர்த்தாமல் செய்து காட்டிவிட்டுப் போனாள். அவள் நம்மை அழவைக்கவில்லை. அதனால் அவளுக்கு நாம் பட்ட கடன் இன்னும் அப்படியே நிற்கிறது.